சர்க்கார் வக நாற்காலி

விஜயம்மாவை வீட்டிலிருந்து ரோட்டுக்குக் கொண்டுபோக நாலு ஆண்கள் வேண்டும், இரண்டு மூங்கில் வேண்டும், கைவைத்த நாற்காலி ஒன்று வேண்டும். நாற்காலியின் கைகளுக்கு அடியில் மூங்கில்களைச் செருகிக் கயிறு போட்டுக் கட்டி, முன்னால் இருவரும் பின்னால் இருவருமாகத் தோளில் ஏற்றிக்கொள்வார்கள். சர்க்கரை வியாதியில் வலது கால் போய், அதன் பின்னாலேயே கிட்னியும் போன பெண்பிள்ளை. செவ்வாயும் வெள்ளியும் நெய்யாற்றின்கரையில் டயாலிசிஸ். தூரத்திலிருந்து பார்க்கிறவர்களுக்குச் சாமி ஊர்வலம் போல இருக்கும். விஜயம்மாவும் அப்படித்தான் சொல்லுவாள். "நேரா பிடியுங்க மக்கா, அம்மன் சரிஞ்சா நாட்டுக்கு ஆகாது."

இவ்வளவு பாடும் வழி இல்லாததால்தான். பாறசாலைக்குக் கிழக்கே, கேரள, தமிழ்நாட்டு எல்லைக் கல்லை ரப்பர் மரங்களுக்கு நடுவில் தேடிக் கண்டுபிடிக்க வேண்டிய இடத்தில், ஒரு பொற்றையின், சின்னக் குன்றின், உச்சியில் இருக்கிறது அவள் கணவர் தங்கையனின் வீடு. அடிவாரத்தில் பஞ்சாயத்து ரோடு. இடையில் அண்டைக்காரன் மோகனனின் ரப்பர் விளை, அதாவது தோட்டம். விளையின் ஓரமாக ஒரு நடைபாதை போகிறது. நாற்காலி கஷ்டப்பட்டுப் போகும், ஆட்டோ போகாது. மோகனன் தன் விளையில் ஓரமாகக் கொஞ்சம் விட்டுக்கொடுத்தால் பஞ்சாயத்து கான்கிரீட் போட்டுத் தரும். அதற்கு மோகனனின் ஒப்பு வேண்டும். அந்த ஒரு கையெழுத்துக்காகத் தங்கையன் நடந்த நடையில் இரண்டு ஜோடி ரப்பர் செருப்பு தேய்ந்து ஓட்டையானது.

தங்கையன் ரப்பர் பால் வெட்டுக்காரர். நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு இருட்டில் மரம் மரமாகப் போய்க் கத்தி போடுகிற ஆள். தமிழ் மீடியத்தில் எட்டு வரை படித்தார். மலையாளம் தண்ணீராகப் பேசுவார், எழுத வராது. சர்க்கார் தலையிட்டு வழி வாங்கித் தரட்டும் என்று, ஒவ்வொரு மனுவையும் யாரையாவது பிடித்து எழுதி வாங்கிப் பஞ்சாயத்து ஆப்பீசுக்குப் போவார். அங்கே வழிக் காரியங்களைப் பார்க்கிற கிளார்க் ஒரு தனிப்பிறவி. ஆள் வந்து நின்றால் முகம் தூக்க மாட்டார். பேனா மூடியைக் கழற்றுவார், மறுபடி மாட்டுவார். தலைக்கு மேல் சுற்றுகிற ஃபேனை, அது இப்போதுதான் அங்கே முளைத்தது போல ஏறிட்டுப் பார்ப்பார். பிறகு மனுவைப் பார்த்து, மனுவோடு வந்தவனைப் பார்க்காமல், "நோக்காம்" என்பார். பார்க்கலாம் என்று அதற்கு அர்த்தம். பார்க்க மாட்டேன் என்றுதான் அர்த்தம் என்பது தங்கையனுக்கு முதல் வருடத்திலேயே விளங்கிவிட்டது.

டயாலிசிஸ் முடிந்து வந்தால் விஜயம்மா பிழிந்த துணி மாதிரி கட்டிலில் கிடப்பாள். அப்போது தங்கையன் அந்த நாற்காலியைக் கட்டிலோரம் இழுத்துப் போட்டு உட்கார்ந்து கிளார்க் ஆகிவிடுவார். பேனா மூடி, ஃபேன், நோக்காம், எல்லாம் அச்சு அசலாக வரும். அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வரும். "இத எங்கயாவது மேடையில காட்டுங்க. எனக்க வயித்துவலி நாட்டுக்கும் வரட்டும்" என்பாள்.

மோகனனுக்குப் பாதை கொடுக்க மனம் இல்லை. அப்பன்மார் காலத்தில் எல்லையில் நின்ற ஓர் அயனி மரத்துக்காக ஏற்பட்ட சண்டையை அவன் சொத்தோடு சேர்த்துச் சுதந்தரித்திருந்தான். ஆனால் அவன் மகன் நிபின் வேறு ரகம். தாயில்லாமல் வளர்ந்த பிள்ளை. விஜயம்மாவின் நாற்காலிக்கு முன் வலது தோள் எப்போதும் நிபினுடையதுதான். "மாமிக்கு டிக்கெட் வைக்கணும். ஏசி இல்ல, சாதா" என்று கேலி செய்துகொண்டே தூக்குவான். அப்பன் விளையின் வழியாக அப்பனின் விரோதியின் பெண்டாட்டியைத் தூக்கிக்கொண்டு போகிறவனை மோகனன் ஒன்றும் சொன்னதில்லை. வேறு பக்கம் பார்த்து நிற்பான்.

நிபின் பைக்கில் போய் ஹைவேயில் டிப்பர் லாரியில் மோதிச் செத்தான்.

அன்று காலையில் நடந்தது தங்கையனுக்கு மட்டும் தெரியும். அடுத்த விளையில் பால் எடுத்துக்கொண்டிருந்தார். மோகனன் வீட்டில் அப்பனும் மகனும் இரைந்து சண்டை போட்டார்கள். எதற்கு என்று கேட்கவில்லை. கடைசியில் மோகனன் கத்தியது மட்டும் மரங்களுக்கு இடையே தெளிவாக வந்தது. "எங்கயாவது போய்ச் சாவுலே!" பைக் உறுமிக்கொண்டு இறங்கிற்று. மத்தியானம் பிள்ளையைத் துணியில் கட்டிக் கொண்டுவந்தார்கள். தங்கையன் இதை யாரிடமும் சொல்லவில்லை, விஜயம்மாவிடம்கூட. சொல்லக்கூடாத ஒன்று என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அவ்வளவு நல்ல மனுஷன்தான்.

பதினாறு கழிந்த மறுநாள் மோகனன் பொற்றை ஏறி வந்தான். வாசலில் நின்றான், உட்காரவில்லை.

"அண்ணே, வழி எடுத்துக்கிடும். எனக்க பயலுக்க தோளு தேஞ்ச வழியாக்கும். வாற மாசம் தொடக்கத்துல திங்கக்கிழம நாளு நல்லா உண்டு. அளக்க ஆள வரச்சொல்லும், ஒப்பு இட்டுத் தாறேன்."

விஜயம்மா உள்ளேயிருந்து அழுதாள். மோகனன் நாற்காலியை ஒரு தரம் தொட்டுப் பார்த்துவிட்டு இறங்கிப் போனான்.

இந்த இடத்தில்தான் சினிமா வந்தது.

அகிலேஷ் அந்தப் பொற்றையிலிருந்து முதன்முதலாகக் காலேஜ் ஏறி டிகிரி வாங்கியவன். கொத்தனாரான அவன் அப்பா அதைக் கண்ணாடி போட்டு முன் அறையில் மாட்டியிருக்கிறார். கேலி செய்ய ஒன்றுமில்லை, அது மாட்டி வைக்க வேண்டிய பொருள்தான். அவனும் நிபினும் பள்ளிக்கூடத்தில் ஒன்றாகப் படித்தவர்கள். அவனுக்குக் குறும்படம் எடுக்க வேண்டும். அதுவும் சாதாக் குறும்படம் இல்லை.

"கதையே கெடையாது மாமா" என்றான் தங்கையனிடம். "ஒரு மேச, ஒரு நாற்காலி, ஒரு வரிச. கேமரா அசையாது. சர்க்காரு எப்படி மனுஷனுக்க உள்ள ஏறி இருந்து அவனை ஆட்டுதுண்ணு காட்டப் போறேன். எழுதி வச்ச டயலாக்கும் இல்ல. வாறவங்க அவங்கவங்களுக்கு நெசமா என்ன வேணுமோ அதைக் கேக்கணும். அதாக்கும் பரீட்சை."

"பரீட்சையில தோத்தா?"

"யாரும் தோக்க மாட்டாவ. உங்க நாற்காலி மட்டும் வேணும், ஒரு நாளைக்கு. அந்தப் பழைய ஆப்பீசு லுக்கு வேற எதுலயும் இல்ல."

ஞாயிற்றுக்கிழமை ஷூட்டிங். மறுநாள் மோகனன் ஒப்பிட வேண்டிய திங்கள். டுடோரியல் நடத்தி மூடிக் கிடந்த ஒரு பாரலல் காலேஜின் வகுப்பறையை ஆப்பீஸ் ஆக்கியிருந்தார்கள். அகிலேஷின் கூட்டுக்காரி அனகாவுக்கு அலங்கார வேலை. அவள் தங்கையனின் நாற்காலி முதுகில், ஆப்பீஸ் சாமான்களில் எழுதுவது போல, 'சர்க்கார் வக' என்று மலையாளத்தில் வெள்ளைப் பெயின்ட்டால் பெரிதாக எழுதிவிட்டாள். சர்க்காருக்குச் சொந்தம் என்று அர்த்தம்.

"எண்ணெய்ப் பெயின்ட்டா பிள்ளே?" என்றார் தங்கையன்.

"அழிச்சுத் தந்திருவோம் மாமா."

வரிசையில் நிற்க ஊரையே கூப்பிட்டிருந்தார்கள். விஜயம்மாவைத் தூக்குகிற கூட்டம் முழுவதும் வந்திருந்தது. ஆட்டோ ஓட்டும் சானுவும் அதில் ஒருவன். ஸ்ரீகுமாரியக்கா, நாற்காலி தூக்குகிற தன் மகனையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். மோகனனும் வந்தான். நிபினின் கூட்டுக்காரன் கூப்பிட்டான் என்பதால் வந்தான். சட்டைப் பையில் ஒரு காகிதம் மடித்து வைத்திருந்தான்.

அதிகாரியாக நடிக்கத் திருவனந்தபுரத்திலிருந்து ஒரு நடிகர் வந்திருந்தார். அவர் மேசையைக் குத்தினார், கண்ணை உருட்டினார், கத்தினார். வரிசையில் நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். இரண்டு தடவை எடுத்தும் அதே கதி. ஓரமாக நின்ற தங்கையனுக்குப் பொறுக்கவில்லை.

"அப்படி இல்ல மக்கா. அவங்க சத்தமே போட மாட்டாவ. முகத்தைப் பாத்தாதானே கோவம் வரும்? பாக்கவே மாட்டாவ."

"எப்படி மாமா? காட்டுங்க."

தங்கையன் போய் உட்கார்ந்தார். பேனா மூடியைக் கழற்றினார். மாட்டினார். ஃபேனைப் பார்த்தார். அந்த அறையில் ஃபேனே இல்லை. ஆனால் வரிசையில் நின்ற எல்லாரும் மேலே பார்த்தார்கள். சிரிப்பு நின்றுவிட்டது. ஸ்ரீகுமாரியக்கா தன்னை அறியாமல் சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டாள்.

அகிலேஷ் நடிகரின் கையைப் பிடித்து வெளியே கூட்டிப்போய் டீ வாங்கிக் கொடுத்தான். திரும்பி வந்து கேமரா பக்கத்தில் குந்தினான். "மாமா, நான் சொல்லாம நிறுத்தக்கூடாது. என்ன வந்தாலும் நிறுத்தக்கூடாது."

ஸ்ரீகுமாரியக்காவுக்கு ரேஷன் கார்டில் பேரப்பிள்ளையின் பேரைச் சேர்க்க வேண்டும்.

"பேரு?"

"ஸ்ரீகுமாரியாக்கும் சாரே."

"ஸ்ரீகுமாரிண்ணு யாரு சொன்னா?"

"எனக்க அம்மை இட்ட பேராக்கும்."

"அம்மை வந்திருக்காளா?"

"அம்மை செத்து எத்தனையோ காலம் ஆச்சே."

"அப்போ சாட்சி இல்ல. நீங்க ஸ்ரீகுமாரி இல்லாட்டி பேரன் எப்படி உங்க பேரன் ஆவான்? நோக்காம். அடுத்த ஆள்!"

அவள் சிரித்துக்கொண்டு வந்தவள், சிரிக்காமல் போனாள். அடுத்து சானு வந்தான். ஆட்டோவை இந்தப் பக்கத்து ஸ்டாண்டில் போட அனுமதி வேண்டும்.

"வீடு எல்லைக்கு அங்கயா இஞ்சயா?"

"வீடு இஞ்ச. அடுக்களை மட்டும் அங்க சாரே." வரிசை சிரித்தது. அது உண்மைதான்.

"தின்னியது தமிழ்நாட்டுல, தூங்கியது கேரளத்துல. அப்போ பாதி ஆளாக்கும் நீரு. ஒண்ணர வீலுக்கு அனுமதி தரலாம்."

வரிசை வெடித்துச் சிரித்தது. சானுவும் சிரித்தான். அந்தச் சிரிப்பு தங்கையனின் காதில் கள் போல இறங்கியது. ஆப்பீஸ் வராந்தாவில் சுவரோடு சுவராக நின்ற வருடங்களில் தன் வாயிலிருந்து வந்த எதற்கும் யாரும் தலை திருப்பினதில்லை. இப்போது ஒரு கேமராவும் ஓர் ஊரும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தன. பேனா மூடியை மாட்டிக்கொண்டே, முகம் தூக்காமல் சேர்த்துச் சொன்னார். "அதாக்கும் கலியாணம் ரெண்டு தடவ முடங்கினது. பாதி ஆளுக்குப் பொண்ணு யாரு தருவா? அடுத்த ஆள்."

சானுவின் சிரிப்பு முகத்திலேயே காய்ந்துபோயிற்று. அகிலேஷ் கட்டை விரலை உயர்த்திக் காட்டினான்.

மோகனன் வந்து நின்றான். மடித்த காகிதத்தை எடுத்து மேசைமேல் விரித்து வைத்தான். அது சினிமாவுக்கு உண்டாக்கிய காகிதம் இல்லை. மகனின் இன்சூரன்சுக்கு வாரிசு சர்டிபிக்கேட் கேட்டு எழுதிய நெசமான மனு. மறுநாள் ஆப்பீசில் கொடுக்க வைத்திருந்தது. நெசமாக வேண்டியதைக் கேட்கச் சொன்னார்கள். அவனுக்கு வேண்டியது வேறு ஒன்றும் இருக்கவில்லை.

"நிபின். எனக்க மவன். வாரிசு சர்டிபிக்கேட்டு வேணும்" என்றான்.

தங்கையன் பேனா மூடியைக் கழற்றினார். இந்த இடத்தில் எழுந்திருக்கலாம் என்று அவருக்குத் தோன்றியது. அகிலேஷைப் பார்த்தார். அகிலேஷ் கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. பிறகு தங்கையன் எதிரே நின்ற சட்டையைப் பார்த்தார், முகத்தைப் பார்க்கவில்லை. முகத்தைப் பார்க்காதபோது அது மோகனன் இல்லை. பாதையைக் கேட்டுத் தான் கெஞ்சியபோதெல்லாம் வேறு பக்கம் திரும்பி நின்ற ஒரு சட்டை மட்டும்தான்.

"செத்ததுக்கு சாட்சி உண்டா?"

"உண்டு. ஆஸ்பத்திரி சர்டிபிக்கேட்டு உண்டு."

"காரணம்?"

"ஆக்சிடென்ட்."

"ஆக்சிடென்ட்ணு எழுதினா போதாது. இறந்த ஆளு கடைசியா வீட்டுல இருந்து இறங்கும்போ அப்பன் என்ன சொன்னாரு? அதுக்கு இஞ்ச ஒரு கட்டம் உண்டு. அது காலியா கெடக்கு."

மோகனனின் கை மேசை விளிம்பைப் பிடித்தது.

"சொல்லும் ஓய். வரிச நிக்குதுல்லா?"

"அண்ணே…"

"இஞ்ச அண்ணனும் தம்பியும் இல்ல." தங்கையன் ஃபேனைப் பார்த்தார். "'எங்கயாவது போய்ச் சாவுலே'ண்ணு சொன்னதா ஆப்பீசுக்கு ஒரு தகவல் உண்டு. செரிதானா? செரிண்ணா ஒப்பு இடும். அப்பன் சொல்லிப் போன பயலுக்கு ஆக்சிடென்ட் காசு கெடைக்குமாண்ணு நோக்காம்."

மோகனன் அந்தக் காகிதத்தை எடுத்தான். பழைய மடிப்பிலேயே பொறுமையாக மடித்தான். சட்டைப் பையில் வைத்தான். திரும்பி, வரிசையைத் தாண்டி வெளியே நடந்தான். வரிசையில் நின்றவர்கள் ஒதுங்கி வழி விட்டார்கள். யாரும் நிறுத்தச் சொல்லவில்லை. தங்கையனின் வாய் தானாகத் திறந்தது.

"அடுத்த ஆள்!"

யாரும் வரவில்லை. அகிலேஷ் நெடுநேரம் கழித்து "கட்" என்றான். அவன் கண்ணில் தண்ணீர் நின்றது. ஓடிவந்து தங்கையனைக் கட்டிக்கொண்டு, "மாமா, எடுத்தாச்சு. படம் எடுத்தாச்சு" என்றான்.

தங்கையன் அவனை உதறிவிட்டு ரோட்டுக்கு ஓடினார். மோகனன் கொஞ்ச தூரம்தான் போயிருந்தான்.

"மோகனா, நில்லுலே! சினிமாவாக்கும். நடிச்சது!"

மோகனன் நின்றான். "சினிமாண்ணு எனக்கும் தெரியும். சினிமாண்ணு தெரிஞ்சதினாலதானே நீரு சொன்னீரு. இல்லாட்டி சொல்ல மாட்டீரு, மனசுல வச்சிட்டு எனக்க வழியில நடந்திட்டு இருப்பீரு."

திங்கட்கிழமை அளக்க வந்தவர் ஒரு மணி நேரம் குடையைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டுப் போனார். மோகனன் வரவில்லை. அந்த வாரமே அவன் விளையின் ஓரத்தில் ஹாலோ பிரிக்ஸ் லாரி வந்து தட்டியது. சுவர் அவன் எல்லைக்குள்ளேயே நியாயமாக எழும்பியது. ஆனால் அதுவரை நாற்காலி போன பாதை பாதிக்குமேல் அவன் இடம்தான். இப்போது ஓர் ஆள் தோளைச் சரித்துக்கொண்டு போகலாம். நாற்காலி போகாது.

நாற்காலி திரும்பி வந்தது, முதுகில் எழுத்தோடு. தங்கையன் மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்தார். எழுத்து கொஞ்சம் மங்கியதே ஒழியப் போகவில்லை. விஜயம்மா முன்பக்கம் மட்டும்தான் பார்த்தாள். அவர் சொல்லவில்லை.

செவ்வாய்க்கிழமை யாரும் தூக்க வரவில்லை. தங்கையன் ஆட்டோ ஸ்டாண்டுக்குப் போனார். சானு வண்டிக்குள் கால் நீட்டிப் படுத்திருந்தான்.

"மக்கா, மாமியக் கொண்டு போவாண்டாமா?"

"நான் பாதி ஆளுல்லா மாமா" என்றான் சானு எழுந்திருக்காமல். "பாதி ஆளு பிடிச்சா நாற்காலி சரியும். முழு ஆளாப் பாருங்க."

ஸ்டாண்டில் இருந்தவர்கள் சிரித்தார்கள். ஸ்ரீகுமாரியக்காவின் மகனிடம் போனார். அம்மாவைக் கேட்டுச் சொல்கிறேன் என்றான். அம்மா உள்ளே இருந்தே சொன்னாள்: "நான் அவனுக்க அம்மைண்ணு சாட்சி வேண்டாமா? சாட்சியக் கூட்டிட்டு வரச்சொல்லு."

அந்தச் செவ்வாய் டயாலிசிஸ் முடங்கியது. விஜயம்மாவின் முகம் வீங்கி, மூச்சு இழுத்தது. வெள்ளிக்கிழமை தங்கையன் செங்கல் சூளையில் வேலை பார்க்கும் வங்காளிப் பையன்கள் நாலு பேருக்குக் கூலி பேசிக் கூட்டி வந்தார். சுவர்ப் பக்கம் போக முடியாததால் பொற்றையின் பின்பக்கம், படிப்படியாய் வெட்டிய செங்குத்தான ரப்பர் தட்டுகளில் இறங்கி, தோடு என்கிற ஓடையைக் கடந்து கொண்டுபோனார்கள். தோட்டில் முழங்கால் வரை தண்ணீர். நடுவில் ஒருவன் வழுக்கினான். விஜயம்மா நாற்காலியோடு தண்ணீரில் இருந்தாள். அம்மன், நாடு என்று ஒன்றும் அவள் சொல்லவில்லை.

தங்கையன் அகிலேஷிடம் போனார். அவன் லேப்டாப்பில் படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தான்.

"மக்கா, மோகனனுக்க பாகம் மட்டும் வேண்டாம். எடுத்துக் களை. எடுத்தாச்சுண்ணு நீயே போய் அவன்கிட்ட சொல்லு. நீ நிபினுக்க கூட்டுக்காரன்லா, நீ சொன்னா கேப்பான்."

"அந்தப் பாகம் இல்லாட்டி படமே இல்ல மாமா."

"எனக்க பெண்டாட்டி சாவப் போறா மக்கா."

அகிலேஷ் திரையில் தங்கையனின் முகத்தை நிறுத்தி, முன்னே பின்னே ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான். தலை தூக்கவில்லை. "நோக்காம் மாமா" என்றான்.

படத்துக்கு எங்கோ ஒரு விழாவில் பரிசு கிடைத்தது. ஊர் வாசகசாலையில் திரை கட்டிக் காட்டினார்கள். தங்கையனை முன்வரிசையில் உட்கார வைத்தார்கள். 'எங்கயாவது போய்ச் சாவுலே' என்ற வரி பெரிய ஸ்பீக்கரில் கேட்டபோது, அதைக் கேட்காமல் இருந்த ஊரின் மிச்ச ஆட்களும் கேட்டார்கள். கடைசியில் கறுத்த திரையில் அவருடைய குரல் மட்டும் "அடுத்த ஆள்!" என்றது. எழுந்து நின்று கை தட்டினார்கள்.

பொன்னாடை போர்த்த வந்தது யார் என்றால், அந்த நெசமான கிளார்க். வாசகசாலைக் கமிட்டியில் அவரும் உண்டு. படம் முழுவதும் அதிகமாகச் சிரித்தவர் அவர்தான். "எங்க பழைய ஆப்பீசுல ஒரு ஆளு இருந்தாரு, அச்சு அசல் இப்படித்தான்! மனுஷன்மாரைப் பாடாய்ப் படுத்துவாரு" என்று மைக்கில் சொன்னார். கீழே இறங்கியதும் தங்கையன் பொன்னாடையோடு அவர் பின்னால் போனார்.

"சாரே, அந்த வழிக் காரியம்…"

"சம்மதம் இல்லாம ஒண்ணும் நடக்காதே. தங்கையன் சாருக்குத் தெரியாத காரியமா?" என்று தோளில் தட்டினார் கிளார்க். முதல்முறையாக முகத்தைப் பார்த்துப் பேசினார். சார் என்றும் சொன்னார்.

மிச்சமிருந்தது மோகனன் மட்டும். மறுநாள் காலை தங்கையன் அவன் முற்றத்தில் போய் நின்றார். மோகனன் படியில் இருந்து பல் தேய்த்துக்கொண்டிருந்தான். துப்பிவிட்டு வந்தான்.

"மன்னிச்சிடு மோகனா. எனக்கு வேண்டாம், அவளுக்கு வேணும். அவளை நிபின் தூக்கினதை நெனச்சுப் பாரு."

மோகனன் யோசித்தான். அவன் குரலில் கோபமே இல்லை. "ஆளு உசிரோட உண்டா அண்ணே?"

"என்னலே கேக்குற?"

"தூக்க ஆளு கெடைக்காம இந்த மாசமும் ரெண்டு தடவ ஆஸ்பத்திரிக்குப் போவலேண்ணு கேள்வி. ஆளு இல்லாட்டி வழி எதுக்கு? கொண்டு வந்து காட்டும். பாத்துட்டுச் சொல்லுகேன்."

தங்கையன் கொண்டு போனார். வேறு என்ன செய்வார். கூலிக்காரர்கள் தோடு சுற்றி, ரோடு சுற்றி, விஜயம்மாவை மோகனன் முற்றத்தில் இறக்கி வைத்தார்கள். மோகனன் ஒப்பிடக் கூப்பிட்டிருக்கிறான் என்று மட்டும்தான் அவளிடம் சொல்லியிருந்தார். அவள் நல்ல சேலை உடுத்தி, வீங்கிய நெற்றியில் சந்தனம் வைத்திருந்தாள்.

மோகனன் அவளை ஏற இறங்கப் பார்த்தான். காலில்லாத பக்கத்தைப் பார்த்தான். ஊதிய கையைப் பார்த்தான்.

"ஆளு உண்டு" என்றான்.

"உண்டுலே மக்கா" என்றாள் விஜயம்மா. "நீ நல்லா இருக்கியா? மெலிஞ்சு போனியே."

மோகனனின் வாய் ஏதோ சொல்லத் திறந்தது. தங்கையன் கை கூப்பி நின்றார். அவன் அவரைப் பார்த்தான், கூப்பிய கையைப் பார்த்தான். வாய் மூடிக்கொண்டது.

"கொண்டு போவும்" என்றான். "சுவரு நிக்கட்டு."

விஜயம்மா ஒன்றும் விளங்காமல் கணவரைப் பார்த்தாள். அவர் கூலிக்காரர்களுக்குச் சைகை காட்டினார். அவர்கள் மூங்கிலைத் தோளில் ஏற்றி நாற்காலியைத் திருப்பினார்கள். அப்போதுதான் அதன் முதுகு மோகனன் பக்கம் வந்தது. மண்ணெண்ணெயில் மங்கிய வெள்ளை எழுத்தை நடுவில் விஜயம்மாவின் நரைத்த கொண்டை தொட்டுக்கொண்டிருந்தது. 'சர்க்கார் வக' என்று மோகனன் எழுத்துக் கூட்டி வாய்க்குள் படித்தான். பிறகு சிரித்தான். முதலில் மூக்கால், அப்புறம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, படியில் உட்கார்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தான். மகன் போன பிறகு அந்த வீட்டிலிருந்து அப்படி ஒரு சத்தம் வந்தது அன்றுதான்.

ரோடு திரும்பும்வரை அந்தச் சிரிப்பு கேட்டுக்கொண்டே வந்தது.

"எதுக்கு இப்படிச் சிரிக்கான்?" என்றாள் விஜயம்மா.

"என்னவோ."

"போவட்டு. பாவம், சிரிச்சாவது தொலைக்கட்டு" என்றாள் அவள். தோட்டுப் பக்கம் இறக்கம் வந்ததும் இரண்டு கையாலும் நாற்காலியை இறுகப் பிடித்துக்கொண்டாள்.